சீட்டில் ‘ஸ்கயாகிராம்’ என்று எழுதியிருந்தால்

டாக்டர் கொடுத்த சீட்டில் ‘ஸ்கயாகிராம் செஸ்ட் பி.ஏ. வியூ’ என்று இருக்கிறது. கூட வந்தவர் அதை எடுத்துக்கொண்டு போய், “ஏனுங்க, இந்த ஸ்கேனுக்கு எவ்வளவுங்க ஆகும்?” என்று கேட்கிறார். கவுன்ட்டரில் இருப்பவர் சீட்டைப் பார்க்காமல் சி.டி. ஸ்கேனுக்கு ரேட் சொல்லிவிடுகிறார். சொல் புரியாததால் வருகிற வீண் அலைச்சலும் செலவும் இப்படித்தான் தொடங்கும். ஸ்கயாகிராம் என்பது சாதாரண எக்ஸ்ரே படம். சி.டி. ஸ்கேன் வேறு, இது வேறு.

கிரேக்கத்தில் ‘ஸ்கியா’ என்றால் நிழல், ‘கிராம்மா’ என்றால் வரைந்தது, எழுதியது. நிழலால் ஆன படம். 1895 நவம்பர் 8 அன்று ஜெர்மனியின் வூர்ஸ்பர்க் நகரில் இயற்பியலாளர் ரான்ட்ஜன் இந்தக் கதிரைக் கண்டார். அது என்ன கதிர் என்று தெரியாததால் எக்ஸ் என்று பெயர் வைத்தார். அதைக் கொண்டு எடுத்த படத்துக்கு என்ன பெயர் என்பதில் அடுத்த சில ஆண்டுகள் ஒரே போட்டி: ஸ்கயாகிராம், ஸ்கயாகிராஃப், ரேடியோகிராஃப், ரான்ட்ஜனோகிராம், ஷேடோகிராஃப். 1896இல் லண்டனில் இந்தத் துறைக்கென்று தொடங்கிய முதல் மருத்துவ இதழே ‘ஆர்க்கைவ்ஸ் ஆஃப் கிளினிக்கல் ஸ்கயாகிராஃபி’ என்றுதான் பெயர் கொண்டிருந்தது. பிறகு ரேடியோகிராஃப் வென்றது. இந்தியாவிலோ ரிப்போர்ட்டின் முதல் வரியிலும், டிஸ்சார்ஜ் சம்மரியிலும், காயச் சான்றிதழிலும் பழைய சொல் இன்னும் நடமாடுகிறது.

போட்டியிட்ட சொற்களில் இதுதான் சரியான சொல் என்பது எங்கள் கருத்து. எக்ஸ்ரே என்பது கதிரின் பெயர், படத்தின் பெயர் அல்ல. ஸ்கயாகிராம் என்பதோ கையில் இருப்பது ஒரு நிழல் என்று நேராகச் சொல்லிவிடுகிறது. ரிப்போர்ட் படிக்கும்போது அந்த ‘நிழல்’ என்ற பொருளை விடாமல் பிடித்துக்கொள்ள வேண்டும். நிழலுக்கு நிறமில்லை, வயதில்லை, நோயின் பெயரும் இல்லை. கதிரைத் தடுப்பது எதுவோ அதற்கு மட்டுமே நிழல் விழும்.

ஒரே வேர், வேறு வேறு பொருள்

ஸ்கயாகிராஃபி என்றால் படம் எடுக்கும் முறை. ஸ்கயாகிராஃபர் என்றால் எடுப்பவர். இரண்டும் இன்று பழைய புத்தகங்களில்தான் உண்டு. ஸ்கயாஸ்கோபி என்று இருந்தால் நின்று யோசிக்க வேண்டும். அது கண் பரிசோதனை. ரெட்டினோஸ்கோப் என்ற கருவியால் கண்ணுக்குள் வெளிச்சத்தை ஆட்டி, கண்பாப்பாவில் தெரியும் ஒளியும் நிழலும் எந்தப் பக்கம் நகர்கிறது என்று பார்த்துக் கண்ணாடி பவர் கணக்கிடுவது. பழைய அகராதிகளில் அதே சொல் ஃபுளோரோஸ்கோபிக்கும், அதாவது திரையில் நேரடியாகப் பார்க்கும் எக்ஸ்ரேவுக்கும் வரும். சீட்டு கண் டாக்டருடையதா வேறு டாக்டருடையதா என்று பார்த்தால் குழப்பம் தீரும். கட்டடக்கலை படிக்கும் பிள்ளைகள் சொல்லும் சயாகிராஃபி, வரைபடத்தில் 45 டிகிரி வெளிச்சம் வைத்துச் சுவருக்கும் தூணுக்கும் நிழல் போடுவது. வேர் ஒன்று, ஆஸ்பத்திரிக்கும் அதற்கும் தொடர்பில்லை.

இதைவிட ஆபத்தானவை, கையெழுத்தில் ஒன்றுபோலத் தெரியும் சொற்கள். சியாலோகிராம் என்பது உமிழ்நீர்ச் சுரப்பிக் குழாயில் மருந்து ஏற்றி எடுப்பது. சைனோகிராம் என்பது ஆறாத புண்ணின் புரை எவ்வளவு ஆழம் போகிறது என்று மருந்து செலுத்திப் பார்ப்பது. ஸ்கேனோகிராம் என்பது பெரும்பாலும் இரண்டு கால்களின் நீளத்தை ஒப்பிட எடுப்பது. சின்டிகிராம் என்பது கதிரியக்க மருந்து கொடுத்து எடுக்கும் நியூக்ளியர் படம். முதல் இரண்டுக்கும் சாய மருந்து வேண்டும்; அதற்கு முன்னால் அலர்ஜி விவரம் கேட்டாக வேண்டும். ஸ்கயாகிராமுக்கு ஊசியும் இல்லை, மருந்தும் இல்லை. எழுத்து தெளிவில்லை என்றால் ஊகிக்காமல் எழுதிய டாக்டரிடமே திரும்பிப் போய், “இது வெறும் எக்ஸ்ரேதானுங்களே டாக்டர்?” என்று கேட்பது நல்லது.

சீட்டின் வரியைப் பிரித்துப் படிப்பது

முழுமையான வரியில் நான்கு விவரம் இருக்கும்: ஸ்கயாகிராம், உடலின் எந்த இடம், வலதா இடதா, எந்தக் கோணம். நெஞ்சுக்கு வலம் இடம் தேவையில்லை. கை காலுக்குக் கட்டாயம் தேவை. அது விடுபட்டால் வலிக்கிற முழங்கால் ஒன்றும் படம் எடுத்த முழங்கால் ஒன்றுமாகிவிடும்.

பி.ஏ. என்றால் கதிர் முதுகுப் பக்கம் நுழைந்து நெஞ்சு வழியாக வெளியே வருகிறது. ஃபிலிமிலிருந்து, கதிர் வரும் டியூப் 6 அடி, அதாவது 180 செ.மீ. தள்ளி இருக்கும். ஏ.பி. என்றால் தலைகீழ்: எழுந்து நிற்க முடியாதவருக்குப் படுக்கையிலேயே முன்பக்கமிருந்து, பெரும்பாலும் குறைந்த தூரத்தில் எடுப்பது. சுவருக்கும் விளக்குக்கும் நடுவில் கையை வைத்துப் பாருங்கள். கை சுவரைவிட்டு விலகி விளக்கை நெருங்க நெருங்க நிழல் பெருக்கும். ஏ.பி.யில் இதயம் ஃபிலிமிலிருந்து தள்ளி இருப்பதால் அதேதான் நடக்கிறது. ‘இதயம் வீங்கியிருக்கு’ என்று வீட்டில் அழுவதற்கு முன்னால் படம் பி.ஏ.வா ஏ.பி.யா என்று பாருங்கள். பெரியவர்களுக்கு இதய நிழலின் அகலம் நெஞ்சுக்கூட்டின் உள் அகலத்தில் பாதியைத் தாண்டக்கூடாது என்ற கணக்கு பி.ஏ.வுக்குத்தான் பொருந்தும்.

எலும்பு என்றால் ஒரு படம் போதாது. ஒன்றுக்கொன்று செங்குத்தாக இரண்டு கோணம் வேண்டும். உடைந்த எலும்பின் மேல் மூட்டும் கீழ் மூட்டும் சேர்ந்து விழ வேண்டும். முன்னாலிருந்து பார்த்தால் நேராகத் தெரியும் எலும்பு, பக்கவாட்டில் விலகி நிற்பது உண்டு. பொள்ளாச்சிப் பக்கம் தென்னை மரத்திலிருந்தோ, எங்கேயாவது கிணற்றுக்குள்ளோ விழுந்து குதிகால் உடைந்தவருக்கு, முதுகில் வலி சொல்லாவிட்டாலும் இடுப்பு முதுகெலும்பையும் பார்க்கச் சொல்ல வேண்டும். குதிகாலில் வாங்கிய அடி மேலே ஏறி முதுகெலும்பை நசுக்கியிருக்கலாம்.

எக்ஸ்ரே ரூமில்

நெஞ்சுப் படத்துக்குச் சட்டை, ஜாக்கெட்டைக் கழற்றி அங்கி போட்டுக்கொள்ள வேண்டும். ஹூக், சேஃப்டி பின், தாயத்து, செயின் எல்லாமே வெள்ளையாக விழும். தாலிக்கொடியைக் கழற்ற மனமில்லாதவர்கள் முன்கூட்டியே சொல்லிவிட்டால், டெக்னீசியன் அதை நுரையீரலின் மேல் விழாதபடி ஒதுக்கிக்கொள்ளச் சொல்வார். பலரும் மறப்பது பின்னல். தடித்த, ஈரமான பின்னல் தோளில் கிடந்தால் நுரையீரல் உச்சியில் மங்கிய நிழலாக விழும். டி.பி. முதலில் தெரிவதும் பெரும்பாலும் அதே உச்சியில்தான். முடியை மேலே தூக்கிக் கொண்டை போட்டுக்கொள்ளுங்கள். இடுப்பு, வயிற்றுப் படத்துக்கு வெள்ளி அரைஞாண் இதே வேலையைச் செய்யும். குழந்தைகளுக்கும் மறக்காமல் கழற்ற வேண்டும்.

“மூச்சை நல்லா இழுத்து அடக்குங்க” என்பது சடங்குக்குச் சொல்வதில்லை. முழு மூச்சில் முன்பக்க விலா எலும்பு 6 வரை, அல்லது பின்பக்கம் 9, 10 வரை உதரவிதானத்துக்கு மேலே எண்ண முடியும். மூச்சு போதாமல் எடுத்த படத்தில் நுரையீரலின் அடிப்பகுதி நிமோனியாபோல வெளுத்துத் தெரியும், இதயமும் அகலமாகும்.

கர்ப்பமாக இருக்கலாம் என்ற சந்தேகம் இருந்தாலே படத்துக்கு முன் சொல்லுங்கள். மற்றபடி ஒரு நெஞ்சுப் படத்தில் கிடைக்கும் கதிர் சுமார் 0.02 மில்லிசீவர்ட். மண்ணிலிருந்தும் வானிலிருந்தும் இயற்கையாக நமக்கு வருவது உலகச் சராசரியில் ஆண்டுக்கு 2.4 மில்லிசீவர்ட். படம் ஏறக்குறைய மூன்று நாள் கணக்கு. பயந்து தேவையான படத்தைத் தவிர்க்க வேண்டாம். ஆறுதலுக்காக மாதாமாதம் எடுக்கவும் வேண்டாம்.

கையில் வந்த படத்தைச் சரிபார்ப்பது

நோயைத் தேடுவது டாக்டர் வேலை. ஆனால் அங்கேயே நின்று மூன்று விஷயத்தை யாரும் பார்க்கலாம். பெயர், வயது, தேதி, எண் சரியா? வலது, இடதைக் காட்டும் ‘ஆர்’ அல்லது ‘எல்’ குறி விழுந்திருக்கிறதா? நெஞ்சுப் படத்தில், கழுத்தடியிலிருந்து தோளுக்குப் போகும் இரண்டு காறை எலும்புகளின் உள்முனையும் நடு முதுகெலும்பிலிருந்து சம தூரத்தில் நிற்கிறதா? நிற்காவிட்டால் ஆள் திரும்பி நின்றிருக்கிறார். ஒரு நுரையீரல் மற்றதைவிடக் கறுத்துத் தெரியும், அதை நோய் என்று நினைக்க வாய்ப்புண்டு. குறி இல்லாத படத்தை ஏற்கக்கூடாது. இதயம் வலப்பக்கம் இருக்கும் மனிதர்கள் அபூர்வமாக உண்டு. குறி இல்லையென்றால் அது பிறவி அமைப்பா, படம் திரும்பிவிட்டதா என்று சொல்ல முடியாது.

நிழல் விழாதவை

காற்று கறுப்பு, கொழுப்பு கருஞ்சாம்பல், தசையும் நீரும் ரத்தமும் ஒரே சாம்பல், எலும்பு வெள்ளை, உலோகம் பளீர் வெள்ளை. இந்த ஐந்தே தரம்தான். நீர், சீழ், கட்டி மூன்றும் ஒரே நிறம். அதனால்தான் ரிப்போர்ட்டில் ‘ஒப்பாசிட்டி’ என்று மட்டும் எழுதுகிறார்கள்: வெள்ளை நிழல் என்று பொருள், நோயின் பெயர் இல்லை. மேல்பகுதியில் நிழல் இருந்தால் டி.பி.யாக இருக்கலாம், ஆறிப்போன பழைய தழும்பாகவும் இருக்கலாம். முடிவு சொல்வது சளிப் பரிசோதனை. அது அரசு ஆஸ்பத்திரியில் இலவசம். ‘கோரிலேட் கிளினிக்கலி’ என்று கடைசியில் வரும் வரிக்கு, நோயாளியை நேரில் பார்த்து இந்த நிழலோடு பொருத்துங்கள் என்று அர்த்தம்.

நம் கொங்குப் பகுதித் தொழில்களுக்கு இது மிக முக்கியம். கோவை ஃபவுண்டரியில் மோல்டிங் மணலோடும், கல்குவாரியில் கல்தூளோடும் வேலை செய்பவருக்கு வரும் சிலிக்கோசிஸ் படத்தில் பொட்டுப் பொட்டாக, பெரும்பாலும் நுரையீரலின் மேல்பாதியில் தெரியும். பஞ்சாலைத் தூசியால் வரும் பிசினோசிஸ் அப்படியில்லை. படம் பெரும்பாலும் சுத்தமாகவே இருக்கும். லீவு முடிந்து வேலைக்குத் திரும்பும் முதல் நாளில் நெஞ்சு இறுக்கம் வந்தால், ‘எக்ஸ்ரே நார்மல்’ என்ற வரியோடு திருப்திப்படாமல் மூச்சு ஊதும் ஸ்பைரோமெட்ரி கேட்க வேண்டும். வேலைக்கு முன்னும் பின்னும் ஊதிப் பார்த்தால் இன்னும் நல்லது.

குழந்தை நிலக்கடலையை மூச்சுக்குழலுக்குள் இழுத்துக்கொண்டால் கடலைக்கு நிழல் விழாது. திடீரென்று இருமி, மூச்சு இழுத்த குழந்தைக்குப் படம் நன்றாக இருக்கிறது என்று வீட்டுக்குக் கூட்டிவரக் கூடாது. உள்ளே குழாய் விட்டுப் பார்க்கும் பிராங்கோஸ்கோபி தேவைப்படலாம். காசு விழுங்கியிருந்தால் பளிச்சென்று தெரியும். அந்த வட்டத்தின் ஓரத்தில் இரட்டைக் கோடு தெரிந்தால் அது பட்டன் பேட்டரியாக இருக்கலாம். உணவுக்குழாயில் சிக்கிய பேட்டரி 2 மணி நேரத்திலேயே புண்ணாக்கத் தொடங்கும், விடியட்டும் என்று காத்திருக்க நேரமில்லை.

கீழே கை ஊன்றி விழுந்து, கட்டைவிரல் அடியில் மணிக்கட்டுக் குழி வலித்தால், முதல் நாள் படத்தில் ஸ்கஃபாய்டு எலும்பின் விரிசல் தெரியாமல் போகலாம். கட்டுப்போட்டு 10 முதல் 14 நாளில் மறுபடி எடுப்பது அதற்காகத்தான்.

வழக்கும் மொழிபெயர்ப்பும்

நாமக்கல், சங்ககிரிப் பக்கம் லாரி விபத்து வழக்குகளில் இந்தச் சொல் அடிக்கடி கண்ணில் படும். அடிதடி வழக்கில் எலும்போ பல்லோ முறிந்திருந்தாலும் மூட்டு விலகியிருந்தாலும் அது கொடுங்காயம். 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதா 116ஆம் பிரிவு, அதற்கு முன் நடந்தவற்றுக்கு இந்திய தண்டனைச் சட்டம் 320. ஆகவே காயச் சான்றிதழில் ‘ஸ்கயாகிராம் எடுக்கப்பட்டது’ என்பது மட்டும் போதாது. ஃபிலிம் எண், தேதி, எந்த எலும்பு, எந்தப் பக்கம் என்பவை இருக்கின்றனவா, அவை ஃபிலிமில் உள்ளவற்றோடு ஒத்துப்போகின்றனவா என்று அப்போதே பார்த்துக்கொள்ளுங்கள்.

தமிழில் எழுதும்போது சொல்லுக்குச் சொல் ‘நிழற்படம்’ என்று போட்டால் படிப்பவர் போட்டோ என்று எடுத்துக்கொள்வார். நோயாளிக்கான தாளில் ‘எக்ஸ்ரே படம்’ போதும். ஆவண மொழிபெயர்ப்பில் ‘ஊடுகதிர்ப் படம்’ என்று எழுதி, மூலத்தில் ஸ்கயாகிராம் என்று உள்ளதை ஒருமுறை குறித்துவிடலாம். சரியான சொல்லே ஆனாலும் பலருக்குப் புரியாததால், புதிதாக ரிப்போர்ட் எழுதுபவர்கள் இந்தச் சொல்லைத் தொடர வேண்டியதில்லை.

படத்தை மடிக்கவோ, ரிப்போர்ட்டோடு சேர்த்து ஸ்டேப்ளர் அடிக்கவோ வேண்டாம். இப்போது வரும் டிரை ஃபிலிம் சூட்டில் கறுத்துவிடும். லாரி டேஷ்போர்டிலும் வெயில்படும் ஜன்னலோரத்திலும் வைக்காமல் பீரோவில் கவரோடு படுக்கவைத்து வையுங்கள். வெளியூர் டாக்டருக்கு வாட்ஸ்அப்பில் அனுப்புவதென்றால், லேப்டாப்பில் வெறும் வெள்ளைப் பக்கத்தைத் திறந்து அதன்மேல் ஃபிலிமைப் பிடித்து, ஃபிளாஷை அணைத்துவிட்டு, பெயரும் ‘ஆர்’, ‘எல்’ குறியும் விழும்படி முழுப் படத்தையும் நேராக எடுங்கள். படத்தை சி.டி. டிஸ்க்கில் கொடுத்திருந்தால் அந்த டிஸ்க்கையே கொடுத்தனுப்புவது மேல்.