அடுக்கில் எழுத்து வந்தால் எப்படிச் சுருக்குவது? பூம்பாறைப் பூண்டை வைத்து ஒரு விளக்கம்

2^3 என்று கொடுத்தால் பிள்ளைகள் 8 என்று உடனே சொல்லிவிடுகிறார்கள். அந்த 3 இருந்த இடத்தில் ஓர் எழுத்து வந்து உட்கார்ந்ததும் பேனா நின்றுவிடுகிறது. கொடைக்கானல் அருகே உள்ள பூம்பாறையில் மாலை நேரத்தில் கணக்குச் சொல்லிக்கொடுக்கும்போது இதை அடிக்கடி பார்க்கிறேன். அப்போதெல்லாம் எனக்குக் கைகொடுப்பது மலைப்பூண்டுதான். 2019இல் புவிசார் குறியீடு பெற்ற அதே பூண்டு. (^ குறிக்குப் பின்னால் வருவது அடுக்கு, க என்பது மாறி.)

விதைப்பூண்டை உடைத்து ஒரு பல்லை ஊன்றினால் அது முழுப் பூண்டாகிறது. கணக்குக்காக ஒரு பூண்டில் 8 பல் என்று வைத்துக்கொள்வோம். விளைவதை எல்லாம் விதைக்கே ஒதுக்கினால் முதல் போகத்தில் 8 பல், அடுத்ததில் 64, க போகங்கள் முடிந்தால் 8^க. இன்னும் ஒரு போகம் போனால் இருக்கும் ஒவ்வொரு பல்லும் எட்டாகும். ஆகவே

8^(க+1) = 8 × 8^க

இதைப் பூண்டுக் குவியலாகக் கண்ணால் பார்த்துவிட்டால் பாதிக் கணக்கு முடிந்தது.

இப்போது இதைச் சுருக்குவோம்:

(8^(க+2) − 8^(க+1)) ÷ 8^க

முதல் வேலை, அடுக்கில் இருக்கும் கூட்டலைப் பெருக்கலாகப் பிரிப்பது: 64 × 8^க − 8 × 8^க.

அடுத்து, 8^க என்பதை ஒரே மூட்டையாகக் கருதுங்கள். அதை அவிழ்க்க வேண்டாம். 64 மூட்டையில் 8 மூட்டை போனால் 56 மூட்டை: 56 × 8^க.

கடைசியாக 8^க ஆல் வகுக்க, விடை 56. க எதுவானாலும் விடை மாறாது. இதைக் கேட்டதும் பிள்ளைகள் நிமிர்ந்து உட்காருவார்கள். எனக்கு மிகவும் பிடித்த இடம் இது.

அடிமானங்கள் (^ குறிக்கு முன்னால் வரும் எண்கள்) வேறுவேறாக இருந்தால் முதலில் எல்லாவற்றையும் ஒரே அடிமானத்துக்குக் கொண்டுவர வேண்டும். இங்கே 4 = 2^2, 8 = 2^3:

4^க × 8^(க+1) ÷ 2^(5க)
= 2^(2க) × 2^(3க+3) ÷ 2^(5க)
= 2^(2க + 3க + 3 − 5க)
= 2^3 = 8

பெருக்கினால் அடுக்குகளைக் கூட்டுகிறோம், வகுத்தால் கழிக்கிறோம். நடுவில் + அல்லது − வந்தால் அடுக்குகளை ஒன்றோடொன்று கூட்டவோ கழிக்கவோ கூடாது. பெரும்பாலான பிழைகள் இங்கேதான் நடக்கின்றன. 8^க + 8^க என்பதை 16^க என்று எழுதிவிடுகிறார்கள். இரண்டு வீட்டில் ஒரே அளவுக் குவியல் இருந்தால் மொத்தம் இரண்டு குவியல், அதாவது 2 × 8^க.

இந்தப் பிழையை க = 1 என்று போட்டுச் சோதித்தால் ஏமாந்துவிடுவீர்கள். 8 + 8 = 16, 16^1 = 16; சரியாக இருப்பதுபோலவே தோன்றும். க = 2 என்று போடுங்கள்: 64 + 64 = 128, ஆனால் 16^2 = 256. அதனால் சரிபார்க்கும்போது 2 அல்லது 3 போட்டுப் பார்க்கச் சொல்கிறேன்.

நீங்களே ஒன்று செய்து பாருங்கள்: (8^(க+1) + 8^க) ÷ (3 × 8^க). விடை 3 வர வேண்டும். வராவிட்டால், தனியாக நிற்கும் 8^க ஐ ஒரு மூட்டையாக எண்ணினீர்களா என்று முதலில் பாருங்கள்.