தீவகம் போகிறீர்களா? மணிக்கூட்டை நம்பாதீர்கள்

யாழ்ப்பாணத்துத் தீவுகளைத்தான் தீவகம் என்கிறோம். அங்கே வேலணையில் என் பெரியம்மா வீட்டுச் சுவரில் ஒரு மணிக்கூடு இருந்தது. 1996 மே மாதம், மின்சாரத்தை மிச்சம் பிடிப்பதற்காக இலங்கை அரசாங்கம் நாட்டின் நேரத்தையே ஒரு மணி நேரம் முன்னால் தள்ளியது. ஒக்டோபரில் அதில் அரை மணியைத் திருப்பிக் குறைத்தது. பெரியம்மா இரண்டு முறையும் முள்ளைத் தொடவில்லை. "மாடு புதிய நேரத்துக்கா பால் தரும்?" என்பது அவருடைய வாதம். 2006 ஏப்ரலில் நாடு பழைய நேரத்துக்கே திரும்பி வந்தபோது, எங்கள் குடும்பத்தில் திருத்த வேண்டியிராத மணிக்கூடு அது ஒன்றுதான்.

அந்தப் பத்து ஆண்டுகளில் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த வன்னியில் பழைய நேரம்தான் ஓடியது. 2003-இல் ஏ-9 பாதை வழியே முதன்முதலாக ஊர் திரும்பினேன். ஓமந்தையைத் தாண்டியதும் கைக்கடிகாரத்தை அரை மணி பின்னால் திருப்பினேன், முகமாலையைத் தாண்டியதும் மறுபடி முன்னால். விசாவோ கடவுச்சீட்டோ கேட்காத ஒரு நேர எல்லை அது. இன்று அந்தச் சிக்கல் இல்லை. கைத்தொலைபேசி தானாகவே சரியான நேரத்தைக் காட்டிவிடும். ஆனால் யாழ்ப்பாண நகரிலிருந்து பண்ணைப் பாலம் தாண்டித் தீவுப் பக்கம் போகிறவர்களுக்கு அது போதாது.

காரணம் படகு. யாழ்ப்பாணத்திலிருந்து 776 இலக்க பஸ் வேலணை, புங்குடுதீவு வழியாகக் குறிகட்டுவான் இறங்குதுறைக்குப் போகும். அங்கிருந்து நயினாதீவுக்கு இருபது நிமிடத்துக்குள் போய்விடலாம், படகுகளும் அடிக்கடி உண்டு. நெடுந்தீவுக்கு ஏறத்தாழ ஒரு மணி நேரக் கடல். அனலைதீவு, எழுவைதீவு போகிறவர்கள் ஊர்காவற்றுறைக்குப் போக வேண்டும். படகு நேரத்தை முதல் நாள் மாலையே அந்த ஊர்க்காரர் ஒருவரிடம் கேட்டு வையுங்கள், இணையத்தில் கிடைக்கும் பட்டியலை நம்பிக் கிளம்பாதீர்கள். மூன்று மணிப் படகு என்றார்களே என்று ஒருமுறை இரண்டு ஐம்பதுக்குத் துறைக்குப் போய் நின்றேன். ஆட்கள் நிறைந்துவிட்டதால் அது இரண்டரைக்கே புறப்பட்டிருந்தது. தூரத்தில் வெள்ளைப் புள்ளியாகத் தெரிந்தது. பக்கத்தில் மீன்பெட்டியில் அமர்ந்திருந்த முதியவர், "நாளைக்கும் வரும், தம்பி" என்றார். ஆறுதலாகச் சொன்னாரா, கேலியாகச் சொன்னாரா என்று இன்னும் எனக்கு விளங்கவில்லை. அன்று முதல் ஒரு மணி நேரம் முன்னதாகவே போய்விடுவது என் வழக்கம்.

படகுக்கு மேலே காற்று இருக்கிறது. தென்மேற்கிலிருந்து வரும் சோளகம் பலமாக வீசினாலும், வடகிழக்கு வாடையில் கடல் கொந்தளித்தாலும் நெடுந்தீவுப் படகு ஓடாமல் போகலாம். யாரோடு சண்டை பிடித்தும் பயனில்லை. மாற்றுடுப்பு, மருந்து, கைக்காசு மூன்றும் எப்போதும் தோள்பையில் இருக்கட்டும். வயது போனவர்களைக் கூட்டிப் போனால் தண்ணீர் நிறையக் கொண்டு போங்கள், பல கிணறுகளில் தண்ணீர் உவர். பாதுகாப்பு அங்கி கொடுத்தால் அழகு பார்க்காமல் போட்டுக்கொள்ளுங்கள்.

நெடுந்தீவை அவசரமாகப் பார்ப்பதில் பொருளில்லை. சாந்து இல்லாமல் அடுக்கிய பவளக்கல் வேலிகள், உள்ளே ஆள் நுழையக்கூடிய பொந்து கொண்ட பெருக்குமரம், ஒல்லாந்தர் கோட்டையின் இடிபாடு, தென்புற வெளியில் மேயும் குதிரைகள் எல்லாவற்றுக்கும் துறையில் ஒரு வாகனத்தைப் பேசிக்கொள்ளலாம். கூலியை ஏறுவதற்கு முன்பே பேசிவிடுங்கள். அங்கே உறவினர் வீடு இருந்தால் ஓர் இரவு தங்குங்கள். கடைசிப் படகு போன பிறகு இருக்கும் நெடுந்தீவு வேறு ஊர். 1985 மே 15-இல் குமுதினிப் படகில் வெட்டிக் கொல்லப்பட்டவர்களைப் பற்றி அங்கே பெரியவர்கள் நேற்று நடந்ததுபோலத்தான் பேசுவார்கள். பிள்ளைகளுக்கு முன்கூட்டியே சொல்லி வையுங்கள்.

நயினாதீவு வேறு மாதிரி. இதுதான் மணிமேகலையின் மணிபல்லவம் என்று எங்கள் ஊர்க்காரர்கள் அடித்துச் சொல்வார்கள். தூக்கத்தில் கொண்டுவந்து விடப்பட்ட பெண் கண்விழித்துத் தன் முற்பிறப்பைக் கண்டுகொண்ட தீவு அது. கோயிலின் அன்னதான மண்டபத்துக்கு அமுதசுரபி என்று பெயர் வைத்ததும் அந்தக் கதையால்தான். ஆனி மாதத் திருவிழாவில் நாகபூசணி அம்மனைப் பார்க்கப் போனால் படகுக்கே அரை நாள் ஒதுக்குங்கள். கொடியேற்ற நாளைக் கோயில்காரரிடமே கேளுங்கள். வாக்கிய பஞ்சாங்கம், திருக்கணித பஞ்சாங்கம் என்று இங்கே இரண்டு கணக்கு உண்டு, சித்திரைப் புத்தாண்டு பிறக்கும் நேரத்தில்கூட இரண்டும் ஒத்துப்போவதில்லை. ரொறன்ரோவில் சமையலறைச் சுவரில் தொங்கும் நாட்காட்டியைப் பார்த்து விமானச் சீட்டு எடுத்தவர்களை நான் அறிவேன்.

பௌர்ணமி தோறும் போயா விடுமுறை. அன்று வங்கியும் அரசாங்க அலுவலகங்களும் திறக்காது, அங்குள்ள பௌத்த நாகவிகாரைக்கு வருகிறவர்களால் நயினாதீவுப் படகிலும் நெரிசல் இருக்கும். காணி உறுதி, பிறப்புச் சான்றிதழ் என்று வேலை இருந்தால் ஒரு வாரம் போதாது. கிராம அலுவலர் கையெழுத்து, பிரதேச செயலகம், பதிவாளர் அலுவலகம் என்று அலைந்து வருவதற்குள் மூன்று வாரம் ஓடிவிடும்.

இன்னொரு மணிக்கூடு உங்களிடமே இருக்கிறது, நீங்கள் ஊரைவிட்டுப் போன ஆண்டில் நின்றுபோனது. புங்குடுதீவில் கூரையில்லாத வீட்டு வாசலில் நின்று, "இங்கேதான் கிணறு, இங்கேதான் மாட்டுக்கொட்டில்" என்று சொல்லும்போது, அந்த வளவுக்குள் இப்போது வேறொரு குடும்பம் ஆடு கட்டியிருக்கலாம். முதல் நாளே எல்லைக்கல்லைப் பற்றிப் பேச்சை எடுக்காதீர்கள். முதலில் ஒரு பிளேன்ரீ குடியுங்கள். யார் மகன், யார் பேத்தி என்பதைச் சொல்லி முடிக்கவே ஒரு பகல் போய்விடும். ஐந்து வீட்டுக்குப் போவதாகத் திட்டமிட்டால் இரண்டு வீட்டைத்தான் முடிப்பீர்கள்.

திரும்பும் நாளில் மட்டும் கறாராக இருங்கள். நெடுந்தீவில் காலைப் படகு ஏறி அன்றிரவே கட்டுநாயக்காவில் விமானம் பிடித்துவிடலாம் என்று கணக்குப் போடாதீர்கள். விமானத்துக்கு இரண்டு நாள் முன்பே தீவை விட்டுப் புறப்பட்டு, ஓர் இரவு யாழ்ப்பாணத்தில் படுத்தெழுந்து தெற்கே கிளம்புங்கள்.