ஸ்பீட்வே உலகக் கோப்பை இறுதி: பென்சிலும் தாளும் வைத்துக்கொண்டு பார்ப்பது எப்படி

2023 ஜூலை, போலந்தின் வ்ரோத்ஸ்வாஃப் நகரத்து ஒலிம்பிக் மைதானம். என் பக்கத்து இருக்கையில் ஒரு பெரியவர், மடியில் நிகழ்ச்சி நிரல் புத்தகம், கையில் சின்னப் பென்சில். ஸ்பீட்வே என்பது மண் தடத்தில் நடக்கும் பைக் பந்தயம். ‘ஹீட்’ என்று சொல்லும் ஒவ்வொரு ஓட்டத்திலும் நான்கு பைக்குகள் நான்கு சுற்று ஓடி முடிக்க ஏறக்குறைய ஒரு நிமிடம்தான். கூட்டம் கத்தி ஓய்வதற்குள் அவர் நான்கு எண்களை எழுதிவிட்டு, அந்தப் பக்கத்தின் மேல் வந்து விழுந்த மண்ணை ஊதித் தள்ளுவார். மூன்றாவது ஹீட்டிலேயே எனக்கு யார் முன்னிலை என்பது குழம்பிவிட்டது. அவர் புத்தகத்தை என் பக்கம் திருப்பி, விரலால் ஒவ்வொரு கட்டமாகக் காட்டினார். அவருக்குத் தெரிந்த மொழி எனக்குத் தெரியாது. ஆனால் எண்கள் புரிந்தன. அன்றிலிருந்து வீட்டில் திரையில் பார்த்தாலும் தாள் இல்லாமல் நான் உட்காருவதில்லை.

முதலில் கட்டம் போடுங்கள். இறுதியில் நான்கு நாடுகள், 20 ஹீட்டுகள். ஒவ்வொரு ஹீட்டிலும் ஒரு நாட்டுக்கு ஒரு வீரர். அணிக்கு ஒரு ஹெல்மெட் நிறம்: சிவப்பு, நீலம், வெள்ளை, மஞ்சள். அதனால் நெடுக்காக நான்கு பத்திகள், மேலே நாட்டின் பெயரோடு நிறத்தையும் எழுதிக்கொள்ளுங்கள். மண் பறக்கும்போது முகமும் தெரியாது, எண்ணும் தெரியாது. ஹெல்மெட் நிறம் மட்டும் தெரியும். ஒவ்வொரு கட்டத்தையும் குறுக்குக்கோடு போட்டு இரண்டாகப் பிரியுங்கள். மேலே அந்த ஹீட்டின் புள்ளி, கீழே அதுவரையிலான கூட்டுத்தொகை.

புள்ளிகள் எளிது. முதலிடத்துக்கு 3, அப்புறம் 2, 1, கடைசிக்கு 0. ஆனால் எல்லா சைபரும் ஒன்றல்ல. இதை நான் முதலில் கவனிக்காமல் விட்டுவிட்டேன். பிறகு தாளைப் பார்த்தபோது ஒரு நல்ல வீரர் ஏன் மூன்று சைபர் வாங்கினார் என்றே தெரியவில்லை. அதனால் கடைசியாக வந்தவருக்கு மட்டும் 0 போடுங்கள். கீழே விழுந்தவருக்கு ‘வீ’, இயந்திரம் நின்றுபோனவருக்கு ‘ப’, தொடக்கக் கோட்டின் குறுக்கே இருக்கும் நாடாவைப் புறப்படும் முன்பே தொட்டு விலக்கப்பட்டவருக்கு ‘நா’, ஓட்டம் நிற்கக் காரணமாகி நடுவரால் விலக்கப்பட்டவருக்கு ‘வி’. சிவப்பு விளக்கு எரிந்து ஓட்டம் நின்றால் எதையும் எழுதாமல் காத்திருங்கள். மறு ஓட்டத்தின் முடிவுதான் கணக்கு.

சரி, கணக்கு தப்பாமல் இருக்கிறதா என்று எப்படித் தெரிந்துகொள்வது? பெரியவர் சொல்லிக்கொடுத்ததில் எனக்கு மிகப் பிடித்தது இதுதான். மூன்று பேராவது ஓட்டத்தை முடித்தால் ஒரு ஹீட்டில் மொத்தம் 6 புள்ளி. ஆகவே நான்காவது ஹீட்டுக்குப் பிறகு நான்கு நாடுகளின் கூட்டுத்தொகை 24, எட்டாவதுக்குப் பிறகு 48, கடைசியில் 120. இரண்டே பேர் முடித்த ஹீட் இருந்தால் அதில் ஒன்று குறையும். வேறு எங்காவது எண் உதைத்தால், தவறு உங்கள் தாளில்தான், உடனே தேடுங்கள். பழைய ஒளிப்பதிவுகளைப் பார்க்கிறீர்கள் என்றால் ஒன்றை மனதில் வையுங்கள். பின்தங்கிய அணி ‘ஜோக்கர்’ இறக்கி இரட்டிப்புப் புள்ளி வாங்கும் விதி அப்போது இருந்தது. ஒரே வீரர் 6 எடுத்திருப்பார், அங்கே இந்தச் சரிபார்ப்பு செல்லாது.

இப்போது தாளின் ஓரத்தில் ஐந்தாவதாக ஒரு குறுகிய பத்தி சேருங்கள்: வென்றவர் எந்த கேட்டிலிருந்து, அதாவது தொடக்கக் கோட்டில் எந்த இடத்திலிருந்து, புறப்பட்டார் என்று. உள்பக்கத்திலிருந்து 1, 2, 3, 4. இந்த பைக்குகளுக்கு பிரேக் கிடையாது, ஒரே ஒரு கியர். நாடா மேலே எழுந்ததும் முதல் வளைவுக்குள் யார் முந்தி நுழைகிறாரோ அவரைப் பிடிப்பது கடினம். அதனால் ஆட்டத்தில் பாதி கேட்டில்தான் இருக்கிறது. முறை மாறி மாறி எல்லா அணிக்கும் எல்லா கேட்டும் சமமாக வரும்; ஆனால் தடம் அப்படியே இருக்காது. பின்சக்கரம் வழுக்கிக்கொண்டே சுழல்வதால் மண் வெளிப்பக்கமாக ஒதுங்கும். பிடிப்பும் அங்கே போய்ச் சேரும். டிராக்டர் வந்து சமன்படுத்தித் தண்ணீர் தெளித்தால் நிலைமை மறுபடி மாறும். இந்தப் பத்தியில் 1, 1, 2, 1 என்று வந்துகொண்டிருந்தது திடீரென 4, 3, 4 ஆனால், அடுத்த ஹீட்டில் வெளிப்பக்கம் நிற்பவரைப் பாருங்கள். வர்ணனையாளர் சொல்வதற்கு முன்னால் உங்களுக்கே தெரிந்துவிடும். தாள் எழுதுவதில் ஆகப்பெரிய சந்தோஷம் எனக்கு இதுதான்.

கடைசிக் கட்டத்தில் ஒரு பெருக்கல் போதும். மிச்சமுள்ள ஹீட்டுகளை மூன்றால் பெருக்குங்கள். முன்னிலை அதைவிடக் கூடுதல் என்றால் கோப்பை முடிவாகிவிட்டது. கடைசி ஹீட்டுக்கு முன் 4 புள்ளி முன்னிலை பாதுகாப்பு, 3 போதாது. நான் பார்த்த அந்த 2023 இறுதியில் போலந்து சொந்த மண்ணில் வென்றது, பிரிட்டன் இரண்டாமிடம். 2001-இல் முதல் உலகக் கோப்பை இறுதி நடந்ததும் இதே நகரத்தில்தான். அப்போது வென்றது ஆஸ்திரேலியா.

எல்லா ஆண்டும் இந்தக் கட்டம் பொருந்தாது. 2018 முதல் 2022 வரையும், 2024-இலும் நாடுகளுக்கிடையே நடந்தது ‘ஸ்பீட்வே ஆஃப் நேஷன்ஸ்’ என்ற இருவர் அணிப் போட்டி. அதில் ஒரு ஹீட்டில் இரண்டு நாடுகள், நாட்டுக்கு இரண்டு வீரர்கள். ஏழு அணிகள் என்றால் 21 ஹீட்டுகள். புள்ளி முறையும் பின்னால் 4, 3, 2, 0 என்று மாறியது. ஒருவர் முதலாவதாக வந்தாலும் கூட்டாளி கடைசி என்றால் அணிக்கு 4 தான். இரண்டாவதும் மூன்றாவதுமாக வந்த ஜோடிக்கு 5. அந்தப் போட்டிக்குத் தாள் எழுதும்போது முன்னால் பறக்கிறவரை விட்டுவிட்டு, மூன்றாமிடத்துக்கு மோதிக்கொள்ளும் இரண்டு ஹெல்மெட்டுகளின் மேல் கண் வையுங்கள்.