ஐஸ்லாந்துத் தேங்காய் குக்கி சுடும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஐஸ்லாந்தின் தலைநகரான ரெய்க்யவிக்கில் எனக்கு அது முதல் டிசம்பர். குன்று குன்றாகப் பிடித்து ஓவனுக்குள் வைத்த தேங்காய் குக்கிகள், கால் மணி நேரம் கழித்துப் பார்த்தால் அடைபோலத் தட்டையாகக் கிடந்தன. ஒவ்வொன்றையும் சுற்றிச் சர்க்கரைப் பாகு வழிந்து, கருகி, ஒரு வளையமாகக் கெட்டிப்பட்டிருந்தது. பேக்கிங் பேப்பரை உரித்தால் குக்கியின் அடிப்பாதி பேப்பரோடு வந்தது.

கடையில் முழுத் தேங்காய் கண்ணில் பட்ட சந்தோஷத்தில், அதை உடைத்து, தேங்காய் பர்பிக்குத் துருவுவதுபோலத் துருவிப் போட்டிருந்தேன். பக்கத்து வீட்டுப் பாட்டி வந்து, மிச்சமிருந்த துருவலை ஒரு சிட்டிகை எடுத்து விரல்களுக்கு நடுவே நசுக்கினார். விரல் நனைந்தது. “ஈரமாக இருக்கிறதே” என்றார். அப்புறம் தன் வீட்டிலிருந்து ஒரு பொட்டலம் கொண்டுவந்து கொடுத்தார். அதற்குள் இருந்தது மணல்போல உதிரும் வெள்ளைத் துருவல்.

அந்தப் பாட்டி சொன்ன ஒரு வார்த்தையில்தான் இந்தக் குக்கியின் விஷயமே இருக்கிறது. ஐஸ்லாந்தில் தென்னை கிடையாது. அங்கே தேங்காய் கப்பலில் வந்த பொருள். வந்ததும் உலர்ந்த துருவலாகத்தான். இலங்கையில் 19ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே உலர் தேங்காய்த் துருவலை ஆலைகளில் தயாரித்து ஐரோப்பாவுக்கு ஏற்றுமதி செய்யத் தொடங்கிவிட்டார்கள். வடக்கே கிறிஸ்துமஸ் பலகாரங்களில் தேங்காய் நுழைந்தது அப்படித்தான். அதனால் இந்தக் குக்கியின் அளவுகள் எல்லாமே உலர்ந்த தேங்காயை நம்பிப் போட்ட அளவுகள்.

கணக்குப் போட்டுப் பார்த்தால் இன்னும் தெளிவாகப் புரியும். உலர் துருவலில் ஈரம் ஏறக்குறைய 3 சதவீதம். பச்சைத் தேங்காயில் பாதிக்குப் பாதி தண்ணீர். 200 கிராம் பச்சைத் துருவல் போட்டால், கூடவே கிட்டத்தட்ட 90 கிராம் தண்ணீரையும் ஊற்றியதாக ஆகிறது. அது மூன்று முட்டையின் வெள்ளைக்கருவுக்குச் சமம். செய்முறையில் கேட்டிருப்பதே மூன்று வெள்ளைக்கருதான் என்றால், ஈரம் இரண்டு பங்காகிவிட்டது. பிறகு எப்படி நிற்கும்?

கடையில் ‘டெசிகேட்டட் கோகனட்’ என்று கிடைப்பதை வாங்குங்கள், சர்க்கரை சேர்க்காததாகப் பார்த்து. கொப்பரையைத் துருவிப் போடலாமா என்று பலர் கேட்கிறார்கள். புதுக் கொப்பரை என்றால் சமாளிக்கலாம். ஆனால் எண்ணெய் வாசனை தூக்கலாக இருக்கும், கொஞ்சம் பழையது என்றால் காறல் அடிக்கும். எந்தத் துருவலாக இருந்தாலும் கலப்பதற்கு முன் ஒரு சிட்டிகை வாயில் போட்டுப் பாருங்கள். காறிய தேங்காயை எவ்வளவு சர்க்கரை போட்டாலும் மறைக்க முடியாது. வீட்டில் பச்சைத் தேங்காய் மட்டும்தான் இருக்கிறது என்றால், துருவி, பாலைப் பிழிந்துவிட்டு, ட்ரேயில் மெல்லப் பரப்பி 100 டிகிரியில் அடிக்கடி கிளறி உலர்த்துங்கள். நிறம் மாறக் கூடாது, கையில் எடுத்தால் உதிர வேண்டும்.

அடுத்த தவறு அடுப்பங்கரைக்குள் போவதற்கு முன்பே நடக்கிறது. ஐஸ்லாந்து மொழிச் செய்முறையை மொழிபெயர்ப்புச் செயலியில் போட்டுப் படிப்பவர்கள் நிறையப் பேர். நானும் அப்படித்தான் தொடங்கினேன். அந்த மொழியில் உலர் தேங்காய்த் துருவலுக்குப் பெயர் ‘கோகோஸ்மியோல்’. சொல்லுக்குச் சொல் பார்த்தால் ‘தேங்காய் மாவு’. அதை நம்பித் தேங்காய் மாவை வாங்கிவிடாதீர்கள். மாவு ஈரத்தையெல்லாம் உறிஞ்சிக்கொண்டு, குக்கியைத் தொண்டையில் அடைக்கும் உருண்டையாக்கிவிடும். நிஜமான தேங்காய் மாவுக்கு அங்கே ‘கோகோஸ்க்வெய்த்தி’ என்று வேறு பெயர் இருக்கிறது.

சர்க்கரையிலும் இதே வம்பு. ‘பூதுர்சீக்குர்’ என்றால் சொல்லளவில் பொடிச் சர்க்கரை. கடையில் அந்தப் பெயரில் இருப்பது பழுப்புச் சர்க்கரை. பொடித்த ஐசிங் சர்க்கரைக்கு ‘ஃப்ளோர்சீக்குர்’ என்று பெயர். சும்மா ‘சீக்குர்’ என்று போட்டிருந்தால் சாதாரண வெள்ளைச் சர்க்கரை. அளவுகளில் ‘டிஎல்’ என்று வருவது டெசிலிட்டர், அதாவது 100 மில்லி. நாம் ‘கப்’ என்று நினைக்கும் 240 மில்லியில் பாதிகூட இல்லை. மூன்று டெசிலிட்டர் சர்க்கரை என்பதை மூன்று கப் என்று எடுத்துக்கொண்டால் என்ன ஆகும் என்று சொல்லத் தேவையில்லை. தராசு இருந்தால் கிராமில் எடையிட்டுச் செய்வதே நிம்மதி.

சரி, இனி குக்கிக்கு வருவோம். வீடுகளில் முக்கியமாக இரண்டு விதம் சுடுகிறார்கள். ஒன்று ‘கோகோஸ்டொப்பர்’, தேங்காய்ச் சிகரம் என்று பொருள். பெரும்பாலும் மைதா இல்லாமல் பிடிக்கும் குட்டிக் குன்றுகள். இன்னொன்று வெண்ணெயும் மைதாவும் சேர்த்துச் சுடும் மெல்லிய மொறுமொறு வட்டம்.

சிகரத்துக்கு நான் எடுக்கும் அளவு: மூன்று முட்டையின் வெள்ளைக்கரு, 150 கிராம் சர்க்கரை, 200 கிராம் உலர் துருவல், ஒரு சிட்டிகை உப்பு. சில வீடுகளில் முழு முட்டையும் உருக்கிய வெண்ணெயும் சேர்க்கிறார்கள். அதுவும் நன்றாகத்தான் இருக்கும். இதில் எல்லோரும் செய்யும் தவறு, கலந்த கையோடு ஓவனுக்குள் தள்ளுவது. சர்க்கரை இன்னும் கரையவில்லை, தேங்காய் இன்னும் ஈரத்தை இழுக்கவில்லை. அந்த நிலையில் சூடு பட்டால் சர்க்கரை பாகாகி அடியில் ஓடுகிறது. எனக்கு வந்த அந்தக் கருகிய வளையம் அதுதான். உலர் துருவல் போட்டாலும் அவசரப்பட்டால் வரும்.

கலவையை மூடி இருபது நிமிடம் வையுங்கள். அப்புறம் பாட்டி சொல்லிக்கொடுத்தபடி ஒரு சோதனை: ஒரு கரண்டி எடுத்து உள்ளங்கையில் வைத்து லேசாக அழுத்துங்கள். விட்டதும் உருவம் நிற்க வேண்டும், கை பளபளக்க வேண்டும், ஆனால் சொட்டக் கூடாது. விரலிடுக்கில் திரவம் தெரிந்தால் இரண்டு கரண்டி துருவல் சேர்த்து மறுபடி பத்து நிமிடம் வையுங்கள். பிடித்தால் உதிர்கிறது என்றால் வெள்ளைக்கருவைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்க்கலாம். முட்டையின் அளவு ஊருக்கு ஊர் மாறும். அதனால் இந்தச் சோதனையைத்தான் நான் கிராமைவிட அதிகம் நம்புகிறேன்.

வெண்ணெய்க் குக்கிக்கு மைதா 250 கிராம், வெண்ணெய் 180, சர்க்கரை 150, துருவல் 125, ஒரு முட்டை. பிசைந்து, நாலு சென்டிமீட்டர் கனத்தில் உருளையாக உருட்டி, ஃபிரிட்ஜில் இறுகவிட்டு, அரை சென்டிமீட்டர் வில்லைகளாக நறுக்க வேண்டும். இறுகவிடாமல் நறுக்கினால் வட்டம் நசுங்கும், ஓவனில் வெண்ணெய் உருகி ஒன்றோடொன்று ஒட்டும். இரவே உருட்டி வைத்துவிட்டு மறுநாள் சுடுவது அங்கே சாதாரணம்.

இந்த வகையில் பழைய செய்முறைகள் கேட்கும் ஒரு பொருளைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும்: ‘ஹ்யார்தார்சால்ட்’. செயலி இதை ‘இதய உப்பு’ என்று காட்டலாம். சரியான பொருள் மான் உப்பு. முற்காலத்தில் மான் கொம்பைச் சுட்டு எடுத்ததால் வந்த பெயர். இன்றைக்கு அது அமோனியம் கார்பனேட் வகை. பேக்கிங் பவுடருக்கு முன்பிருந்தே மாவைப் பொங்க வைக்கப் பயன்பட்டது. சூடு பட்டால் அமோனியா, கரியமில வாயு, நீராவி என்று முழுக்கவே ஆவியாகிப் போய்விடும், உப்பாக எதுவும் தங்காது. அதனால்தான் அந்தத் தனி மொறுமொறுப்பு.

ஆனால் ஆவி வெளியே போக வழி இருக்க வேண்டும். ‘பிஸ்கட் கனமாக இருந்தால் நன்றாக இருக்குமே’ என்று ஒரு விரல் கனத்துக்கு நறுக்கினால் அமோனியா உள்ளேயே தங்கி, கடித்ததும் மூக்கில் ஏறும். மெல்லியதாகவே நறுக்குங்கள், நன்றாகக் காயும்வரை சுடுங்கள். சுடும்போது கண்ணைக் கரிக்கும் நெடி வரும். பயப்பட வேண்டாம், ஜன்னலைத் திறந்து வையுங்கள். ஓவன் கதவைத் திறக்கும்போது முகத்தைத் தள்ளி வைத்துக்கொள்ளுங்கள். இந்த மாவைப் பச்சையாக ருசி பார்க்கவே கூடாது, குழந்தைகள் கையிலும் கொடுக்காதீர்கள். டப்பாவை இறுக மூடாவிட்டால் உப்பு தானாகவே ஆவியாகி வீரியம் போய்விடும். கிடைக்கவில்லை என்றால் ஒரு டீஸ்பூன் பேக்கிங் பவுடர் போதும். மொறுமொறுப்பு ஒரு பங்கு குறையும், மற்றபடி குறையில்லை.

ஓவன் சூட்டைப் பற்றி ஒரே வார்த்தை. செய்முறையில் ‘பிளௌஸ்தூர்’ என்று இருந்தால் விசிறி ஓடும் ஓவனுக்கான டிகிரி. உங்கள் ஓவனில் விசிறி இல்லை என்றால் 20 டிகிரி கூட்டுங்கள், மேலும் கீழும் சூடு வைத்தால் போதும். விசிறி இல்லாத ஓவனில் சிகரங்களை 175 டிகிரியில் 12 முதல் 15 நிமிடம் வைப்பேன், வட்டங்களை 180 டிகிரியில் பத்துப் பன்னிரண்டு நிமிடம். நுனியும் ஓரமும் பொன்னிறமானதும் எடுங்கள். முழுக்கச் சிவக்கட்டும் என்று காத்திருந்தால் தேங்காய் எண்ணெய் கருகிய கசப்பு வரும்.

எடுத்த உடனே தொடாதீர்கள். சூட்டில் சிகரம் மெத்தென்றுதான் இருக்கும். வேகவில்லை என்று நினைத்து மறுபடி உள்ளே தள்ளுவது பெரிய தவறு. ட்ரேயிலேயே பத்து நிமிடம் விட்டால் தானாக இறுகும், பேப்பரிலிருந்து சுத்தமாகக் கழன்று வரும். அடிப்பக்கத்தைச் சாக்லேட்டில் முக்க ஆசை என்றால் முழுக்க ஆறிய பிறகு முக்குங்கள். சூட்டோடு முக்கினால் சாக்லேட் இறுகாது, பிறகு வெள்ளை பூக்கும். சீக்கிரம் இறுக வேண்டும் என்று ஃபிரிட்ஜில் வைத்தால், வெளியே எடுத்ததும் வேர்த்து மறுபடி ஈரம்.

கடைசியில் டப்பா. ஐஸ்லாந்து வீடுகளில் கிறிஸ்துமஸுக்கு முந்தைய நான்கு வாரமும் குக்கி சுடும் காலம். அந்தக் காலத்து இல்லத்தரசிகளுக்கு எத்தனை வகை சுட்டோம் என்பதே பெருமை. ஒவ்வொரு வகைக்கும் ஒரு தகர டப்பா, பெரும்பாலும் அங்கே எல்லோரும் ‘மக்கின்டோஷ்’ என்று அழைக்கும் ஆங்கிலேய மிட்டாய்களின் காலி டப்பா. வகைக்கொரு டப்பா என்பது அழகுக்காக மட்டும் இல்லை. மெத்தென்ற குக்கியையும் மொறுமொறு குக்கியையும் ஒன்றாக வைத்தால், இரண்டே நாளில் ஈரம் அங்கிருந்து இங்கே வந்து மொறுமொறுப்பு போய்விடும். வெதுவெதுப்பாக மூடினாலும் அதே கதிதான், மூடியின் உள்பக்கம் முத்து முத்தாக வேர்த்திருக்கும்.

அங்கே குக்கிகள் வாரக்கணக்கில் அப்படியே இருப்பதற்கு வேறொரு காரணமும் உண்டு. ஐஸ்லாந்தில் ஏறக்குறைய பத்தில் ஒன்பது வீடுகளுக்குப் பூமிக்கடியிலிருந்து வரும் வெந்நீரால்தான் வெப்பம். வெளியே உறைபனிக் காற்று, உள்ளே வந்து சூடேறியதும் வறண்டுவிடும். கார்த்திகை மழையில் சென்னையிலோ யாழ்ப்பாணத்திலோ சுடுபவர்கள் அந்த நம்பிக்கையில் குக்கியைத் தட்டிலேயே இரவு முழுக்க ஆற வைக்கக் கூடாது. கை வைத்துப் பார்த்துச் சூடு போனதும் டப்பாவில் அடைத்துவிடுங்கள். அப்படியும் நமத்துப் போனால், சாக்லேட் தொடாதவற்றை மட்டும் 150 டிகிரியில் ஐந்து நிமிடம் வைத்து, ட்ரேயிலேயே ஆறவிட்டு எடுங்கள். பழைய மொறுமொறுப்பு திரும்ப வந்துவிடும்.