வாய்ப்பேச்சில் நிலம் பேசி முடித்தவர்கள் கோர்ட்டில் சறுக்கும் இடங்கள்

மேலூர்ப் பக்கத்திலிருந்து ஒருவர் எங்கள் வக்கீல் ஆபீசுக்கு வந்தார், கையில் ஒரு துண்டுச் சீட்டுகூட இல்லை. நாற்பது சென்ட் தென்னந்தோப்பு, டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து விலை பேசி, வெற்றிலை பாக்கோடு ஐம்பதாயிரம் ரூபாய் அச்சாரமும் கொடுத்துவிட்டார். இப்போது விற்பவர் போனை எடுப்பதில்லை. "எழுத்து இல்லாட்டி செல்லாதுன்னு எல்லாரும் சொல்றாங்க சார்" என்றார்.

முதல் தப்பே அதை நம்புவதுதான். கிரயம் பதிவாக வேண்டும், சரி. ஆனால் விற்க ஒத்துக்கொள்வது எழுத்தில்தான் இருக்க வேண்டும் என்று சட்டம் சொல்லவில்லை. தமிழ்நாட்டில் 2012 டிசம்பரிலிருந்து கிரய ஒப்பந்தப் பத்திரத்தைப் பதிய வேண்டும் என்று இருந்தாலும், பதியாத பத்திரத்தைக்கூட ஏற்றதை ஆற்றக் கோரும் வழக்கில், அதாவது பேசியபடி கிரயம் செய்து தரச் சொல்லிக் கேட்கும் வழக்கில், சாட்சியமாகக் காட்டலாம் என்று 2023இல் சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. வாய்ப்பேச்சையும் அமல்படுத்தலாம். என்ன, நிரூபிக்கும் பாரம் முழுக்க வாங்குகிறவர் தலையில் விழும், அது லேசான பாரம் இல்லை.

அடுத்தது, "அப்புறம் பேசிக்கலாம்". இதைவிட ஆபத்தான வார்த்தை நிலப் பேச்சில் கிடையாது. அவரிடம் கேட்டேன், தோப்பில் எந்தப் பக்கத்து நாற்பது சென்ட்? கிணற்றில் பங்கு உண்டா? பாதை எந்த வழி? பத்திரச் செலவு யாருடையது? "கிணறை அப்புறம் பேசிக்கலாம்னாரு சார்." எதிர்த்தரப்பு வக்கீலுக்கு இது போதும். "பேச்சு நடந்தது, முடிவாகவில்லை" என்று சொல்லிவிடுவார். இடம், அளவு, விலை, எப்போது பத்திரம் என்பதில் இரண்டு பேர் மனசும் ஒன்றாக இருந்ததைக் காட்ட முடியாவிட்டால் அங்கே ஒப்பந்தமே இல்லை.

சாட்சிகளிலும் இப்படித்தான். புரோக்கரையும் மச்சினனையும் கூட்டி வந்து, அன்று இல்லாதவரையும் இருந்ததாகச் சொல்லவைப்பார்கள். குறுக்கு விசாரணையில் ஒருவர் டீக்கடை என்பார், இன்னொருவர் வீட்டுத் திண்ணை என்பார். ஐந்து பேர் மனப்பாடமாக ஒப்பிப்பதைவிட, உண்மையிலேயே உடனிருந்த ஒரே ஆள் தனக்கு ஞாபகம் இருப்பதை மட்டும் சொன்னால் போதும். பழைய தேதி போட்டு பத்திரத் தாளில் எழுதிவைக்கலாமா என்று கேட்கிறவர்களும் உண்டு. தயவுசெய்து வேண்டாம், சிவில் வழக்கு கிரிமினல் வழக்காகிவிடும்.

அட்வான்ஸை ஏற்றிச் சொல்வதும் வேண்டாம். இரண்டு லட்சமோ அதற்கு மேலோ ரொக்கமாகக் கொடுத்ததாக வழக்கில் சொன்னால், கோர்ட்டே வருமான வரித் துறைக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 2025 ஏப்ரலில் சுப்ரீம் கோர்ட் உத்தரவு போட்டிருக்கிறது.

இவரிடம் நல்ல விஷயம் ஒன்று இருந்தது. "பாக்கி ரெடி, எப்ப பத்திரம்?" என்று இவர் வாட்ஸ்அப்பில் கேட்டதற்கு "ஆடி போகட்டும்ணே" என்று பதில் வந்திருக்கிறது. மகன் போன் மாற்றும்போது அதை அழிக்கப் பார்த்தாராம்! ஸ்கிரீன்ஷாட் மட்டும் போதாது, மூலப் போனைப் பத்திரமாக வைத்திருக்க வேண்டும், ஸ்கிரீன்ஷாட்டைத் தாக்கல் செய்வதென்றால் சாட்சியச் சட்டம் கேட்கிற சான்றிதழும் வேண்டும்.

வேலி போட்டு அனுபவத்தில் எடுத்துவிட்டால் அசைக்க முடியாது என்ற நினைப்பும் தப்பு. சொத்து மாற்றுச் சட்டம் 53ஏ பிரிவு எழுத்து ஒப்பந்தம் இருப்பவருக்குத்தான் பாதுகாப்பு தருகிறது.

காலம்தான் நிறையப் பேரைக் கவிழ்க்கிறது. நாள் குறித்திருந்தால் அந்த நாளிலிருந்து, குறிக்காவிட்டால் மறுத்தது தெரிந்த நாளிலிருந்து மூன்று வருடம். மூன்று வருடம் இருக்கிறதே என்று உட்கார்ந்திருக்கக் கூடாது. மதுரை வீடு ஒன்றுக்கு 1978இல் 60,000 ரூபாய் பேசி, 5,000 அட்வான்ஸ் கொடுத்து, ஆறு மாதக் கெடு முடிந்தபின் இரண்டு வருடத்துக்கு மேல் சும்மா இருந்தவருக்கு, இங்கே விலை ஏறிக்கொண்டிருந்ததையும் கணக்கில் எடுத்து, 1997இல் சுப்ரீம் கோர்ட் பத்திரம் கிடையாது என்று சொல்லிவிட்டது. அவரிடம் எழுத்தே இருந்தது! பத்திரம் தருவதா வேண்டாமா என்று கோர்ட் தன் விருப்பப்படி முடிவெடுக்கும் உரிமை 2018 சட்டத் திருத்தத்தில் குறைந்தாலும், நாம் எப்போதும் தயாராக இருந்தோம் என்பதை நிரூபிக்கும் கடமை போகவில்லை. பாக்கிப் பணத்துக்கு வழி இருந்ததை பேங்க் பாஸ்புக்கோ வேறு கணக்கோ காட்ட வேண்டும்.

பத்திரம் கிடைக்காவிட்டால் அட்வான்ஸையாவது திருப்பித் தரச் சொல்லி வழக்கிலேயே கேளுங்கள், கேட்காவிட்டால் கோர்ட் தானாகத் தராது. வில்லங்கம் போட்டுப் பார்த்து, இடையில் யாராவது கிரயம் வாங்கியிருந்தால் அவரையும் பிரதிவாதியாகச் சேருங்கள்.

இவருக்கு வில்லங்கம் சுத்தமாகத்தான் இருந்தது. பட்டாதான் கூட்டுப் பட்டா, விற்பவரான அண்ணனோடு அவருடைய இரண்டு தங்கைகள் பெயரும் இருக்கிறது. டீக்கடையில் பேசியது அண்ணன் மட்டும்தான். தங்கைகளிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அண்ணன் பங்குக்கு மட்டுமாவது கேட்கலாமா என்று நோட்டீஸில் அந்த ஒரு பத்தியைத் திரும்பத் திரும்ப எழுதிக்கொண்டிருக்கிறோம்.