ஒளியை முந்துற பேச்சுக்கு இலக்கணம் கட்டுறது எப்படி

சயின்ஸ் பிக்‌ஷன் எழுதுறவங்க நிறைய பேர் ஒளியை விட வேகமா மெசேஜ் அனுப்புற மெஷினை மட்டும் வச்சுட்டு, அதுல பேசுறவங்கள நம்மள மாதிரியே "வந்துச்சு, வருது, வரும்"னு பேச விட்டுடுறாங்க. மெஷினை விளக்க மெனக்கெடவே வேணாம் (குவாண்டம் என்டாங்கிள்மென்ட், அதாவது தூரத்துல இருக்கற ரெண்டு துகள் பின்னிப் பிணைஞ்சிருக்கறதுன்னு மட்டும் எழுதாதீங்க, அதை மட்டும் வச்சு தகவல் அனுப்ப முடியாதுன்னு நிரூபிச்சே வச்சிருக்காங்க). மெனக்கெட வேண்டியது அவங்க பேசுறதுக்கு நீங்க உருவாக்குற மொழியோட வினைச்சொல்லுக்குத்தான்.

"இப்போ"ங்கறது எல்லாருக்கும் ஒண்ணு இல்லன்னு 1905லயே ஐன்ஸ்டீன் காட்டிட்டார். ப்ராக்ஸிமா சென்டாரி 4.24 ஒளி ஆண்டு தூரம். நீங்க பூமியில நிக்கிறீங்க, உங்கள உரசுற மாதிரி ஒரு கப்பல் ஒளி வேகத்துல 80 சதவீதத்துல அந்த நட்சத்திரத்தைப் பார்த்துப் பாயுதுன்னு வைங்க, 0.8ஐ 4.24ஆல பெருக்குங்க, கிட்டத்தட்ட 3.4 வருதுல்ல, ரெண்டு பேரும் ஒரே இடத்துல ஒரே நொடியில இருந்தாலும் ப்ராக்ஸிமால "இப்போ" என்ன நடக்குதுங்கறதுல உங்களுக்குள்ள 3.4 வருஷம் வித்தியாசம். அப்புறம் இறந்தகாலம் நிகழ்காலம்னு எதை நம்பி போடுவீங்க?

அதனால காலத்தை வேற மாதிரி பிரிங்க. நான் மூணு விகுதி வச்சிருக்கேன். -ரு: ஒளி கிளம்பி நம்ம கிட்ட வந்து சேர்ந்திருக்க முடியற சம்பவம், யார் பார்த்தாலும் அது முடிஞ்சதுதான். -மே: நம்ம கிட்டருந்து ஒளி போய்ச் சேர முடியற சம்பவம், யாருக்கும் இனிமேல்தான். -ஸோ: ரெண்டுலயும் சேராதது, முன்னாடியா பின்னாடியாங்கறது பார்க்கறவங்கள பொறுத்து மாறும். ஒளியை முந்துற பேச்சு பெரும்பாலும் இந்த -ஸோவுலதான் ஓடும், அதனால அதுக்கு வாயில சுலபமா வர்ற ஒலியா கொடுங்க.

-ஸோ போட்டா யாரோட கடிகாரம்னு சொல்லியே ஆகணும். "தல்"னா வந்து சேருறதுன்னு வைங்க, "பூதல்ஸோ"ன்னா பூமி கடிகாரப்படி இப்போ வந்து சேருது. வெறும் "தல்ஸோ" தப்பு.

அடுத்து, சேதி எப்படி கிடைச்சுதுங்கறது. நாம "வந்தானாம்"னு சொன்னாலே கேள்விப்பட்டதுன்னு தெரியுதுல்ல, பெருவுல பேசுற கெச்சுவா மொழியில நேர்ல தெரிஞ்சதுக்கு -மி, கேள்விப்பட்டதுக்கு -சின்னு ஒட்டு இருக்கு. நாம உருவாக்குற மொழிக்கும் ரெண்டு போதும், ஒளியில பார்த்ததுக்கு -கா, மெஷின்ல கேட்டதுக்கு -வி. இதுல எனக்கு ரொம்ப பிடிச்சது, -ஸோவோட -கா சேரவே சேராது, ஏன்னா ஒளி வந்து சேர்ந்துட்டா அது ஏற்கனவே -ரு ஆயிடுச்சு.

இப்போ பெரிய சிக்கல். பூமியிலருந்து உடனடி மெசேஜ் ப்ராக்ஸிமாவுக்குப் போகுது, அந்த நேரம் அங்க ஒரு கப்பல் பூமியை விட்டு விலகி அதே 80 சதவீத வேகத்துல கடந்து போகுது, அது மெசேஜை வாங்கி தன்னோட "இப்போ"படி உடனே பதில் போட்டா, அந்த பதில் நீங்க கேள்வி கேக்கறதுக்கு 3.4 வருஷம் முன்னாடியே பூமிக்கு வந்துடும். ஒளியை முந்துனா இப்படி காரணமும் விளைவும் இடம் மாறும்னு இயற்பியலாளர் ரிச்சர்ட் டோல்மன் 1917லயே எழுதிட்டார். இதை அடைக்க, "அவன் வந்தாள்" எப்படி தப்போ அந்த மாதிரி பதில்ல கடிகாரத்தை மாத்துறதையும் தப்பாக்குங்க. ஒரு உரையாடலுக்கு மட்டும் இல்ல, நெட்வொர்க் முழுக்க ஒரே கடிகாரம், மெஷினும் அதுபடி மட்டும்தான் அனுப்பும்னு கதையில வச்சுடுங்க, அப்போ கேள்விக்கு முன்னாடியே பதில் வர்ற லூப் எங்கயும் வராது. கடிகாரத்தை மாத்த விடுறதும் ஒரு வழிதான், ஆனா அது டைம் டிராவல் கதையா ஆயிடும், என் சாய்ஸ் ஒரே கடிகாரம்தான்.

மெசேஜ் வரிசை குலைஞ்சு வரலாம்ங்கறதால தனியா "ஆமா", "அது", "அப்புறம்" எல்லாம் வேணாம். பதில் ஒவ்வொண்ணும் எந்த கேள்விக்குன்னு கேள்வியோட வினையையே திரும்ப சொல்லட்டும். டெஸ்ட் பண்ண, பத்து வரி உரையாடல் எழுதி தனித்தனி சீட்டா வெட்டி கலைச்சு ஃப்ரெண்ட் கிட்ட கொடுங்க, எது எதுக்கு பதில்னு அவங்களால ஜோடி சேர்க்க முடியலன்னா இன்னொரு ஒட்டு தேவைப்படுது.