வீட்டிலேயே பாட்டுப் பதிவு: கெடுப்பது எது?

கோலாலம்பூரின் செந்தூல் அடுக்குமாடி வீடுகளிலும் பிரிக்பீல்ட்ஸ் வாடகை அறைகளிலும் மடிக்கணினியை வைத்தே தமிழ்ப் பாட்டுகளை உருவாக்குகிறார்கள். கருவிகளுக்குக் குறைவில்லை. ஒலிப்பதிவு மென்பொருள்களில் ஆடாசிட்டி இலவசம், ரீப்பரை 60 நாள் பயன்படுத்திப் பார்த்துவிட்டு வாங்கலாம். இருந்தும் பல பாட்டுகள் அவசரத்தால் கெடுகின்றன.

எனக்கு அதிகம் எரிச்சலூட்டுவது, சுருதி திருத்தும் மென்பொருளைக் கண்ணை மூடிக்கொண்டு போட்டுவிடுவது. 1997இல் வந்த ஆட்டோ-டியூன் முதல் இன்றுள்ளவை வரை, சுரம் ஓரிடத்தில் நிற்கும் என்றே இவை பெரும்பாலும் எதிர்பார்க்கின்றன. தோடி ராகத்தின் காந்தாரமோ ரிஷபத்துக்கும் மத்தியமத்துக்கும் இடையே அசைந்தால்தான் காந்தாரம். திருத்தும் வேகத்தை உச்சத்தில் வைத்தால், அந்த அசைவைப் பிழையென்று எண்ணித் துண்டு துண்டாக்கிவிடும். பழி பாடகியின் மேல் விழும்! வேகத்தைத் தளர்த்துங்கள். சுரங்களைத் தனித்தனியாகத் திருத்தவல்ல மெலடைன் மென்பொருள் இருந்தால் வழுவிய சுரத்தை மட்டும் நகர்த்துங்கள்; சுரத்தின் அசைவான கமகத்தில் கை வைக்காதீர்கள்.

அடுத்தது ஒலியளவு. மீட்டர் சிவப்பைத் தொட வேண்டும் என்ற ஆசை டேப் காலத்து மிச்சம். டிஜிட்டல் பதிவில் 0 டெசிபெலுக்கு மேல் போனால் அலையின் தலை வெட்டுப்படும். வெட்டுப்பட்டதை எந்த மென்பொருளும் முழுதாக மீட்டுத் தராது. 24 பிட்டில் உச்சம் −12 டெசிபெலில் நின்றாலே தாராளம். உருமிக்கு இன்னும் கீழே வையுங்கள். ஒத்திகையில் அடக்கமாக வாசித்தவர் பதிவு தொடங்கியதும் வெளுத்து வாங்குவார்.

முடித்த பாட்டை, உச்சங்களை அமுக்கி மொத்த ஒலியைக் கூட்டும் லிமிட்டரில் நசுக்குவதும் வீண். ஏறத்தாழ −14 லஃப்ஸுக்கு (காதுக்குக் கேட்கும் உரப்பின் அலகு) மேல் இருப்பதை யூடியூப் தானே குறைத்துவிடும். நசுங்கியது நசுங்கியபடியே இருக்கும்.

ஹெட்போனில் குரல் பிந்திக் கேட்டால் பஃபரை, அதாவது கணினி ஒரு தடவைக்குச் சேர்த்துவைக்கும் ஒலி மாதிரிகளின் எண்ணிக்கையைப் பாருங்கள். வினாடிக்கு 44,100 மாதிரி வீதத்தில் 1024 என்றால் ஒரு வழிக்கே 23 மில்லிவினாடி. பாடும்போது 128, தடங்களைக் கலவை (மிக்ஸிங்) செய்யும்போது 1024 போதும்.

கோலாலம்பூர் வெக்கையில் மின்விசிறியை நிறுத்த மனம் வராது, தெரியும். ஆனாலும் நிறுத்துங்கள். இரைச்சல் நீக்கியை அழுத்திப் போட்டால் தண்ணீருக்குள் இருந்து பாடுவதுபோல் குரல் குழம்பும். மாலை மழை தகரக் கூரையில் இறங்குவதற்குள், காலையிலேயே குரலை எடுத்துவிடுவது நல்லது.

பினாங்கு நண்பரிடம் கலவைக்குக் கொடுக்கும்போது ப்ராஜெக்ட் கோப்பை மட்டும் அனுப்பாதீர்கள். பல மென்பொருள்களில் அதற்குள் ஒலி இருக்காது, ஒலிக்கோப்பு எங்கே கிடக்கிறது என்ற குறிப்புத்தான் இருக்கும். ஒவ்வொரு தடத்தையும் பாட்டின் தொடக்கப் புள்ளியிலிருந்தே வேவ் கோப்பாக எடுத்து, பி.பி.எம். எண்ணையும் (நிமிடத்துக்கு எத்தனை தட்டு என்ற தாள வேகம்) குறித்து அனுப்புங்கள்.